அம்மாவின் ரேஷன் கார்டு கடைக்காரரிடமே இருக்கிறது. அதை எப்படிப் பாதுகாப்பது?

உங்கள் அம்மா ஊரில் தனியாக இருக்கிறார், முழங்கால் வலியால் நடக்க முடியாமல் குடும்ப அட்டையை ரேஷன் கடை விற்பனையாளரிடமே கொடுத்து வைத்திருக்கிறார், இதில் ஏமாற்று நடக்க வழி உண்டா, அட்டையைப் பத்திரப்படுத்துவது எப்படி என்று கேட்டிருக்கிறீர்கள். வழி உண்டு. ஆகவே அட்டையை முதலில் திரும்ப வாங்கி வீட்டில் வையுங்கள். அதைவிட முக்கியமான வேலை ஒன்று இருக்கிறது: அந்த அட்டையோடு பதிவாகியிருக்கும் கைப்பேசி எண் யாருடையது என்று இன்றைக்கே பாருங்கள். நீங்கள் வெளியூரில் வேலையில் இருப்பீர்கள், நினைத்தபோது ஊருக்குப் போய் வர முடியாது என்று எண்ணிக்கொண்டு எழுதுகிறேன். அப்படி இருந்தால் அந்த எண் உங்களுடையதாக இருப்பதைவிடப் பெரிய பாதுகாப்பு வேறு இல்லை.

ஏன் எண்ணைப் பற்றி இவ்வளவு சொல்கிறேன் என்றால், பழைய தாள் அட்டை வேறு, இப்போதைய அட்டை வேறு. 2005-இல் கொடுத்த அட்டையை ஒவ்வோர் ஆண்டும் உள்தாள் ஒட்டி ஒட்டி 2017 வரை வைத்திருந்தோம். அந்த உள்தாளில் மாதத்துக்கு ஒரு வரிசை கட்டங்கள் இருக்கும். அரிசி வாங்கினால் அதற்குரிய கட்டத்தில் கடைக்காரர் பேனாவால் குறிப்பார்; சர்க்கரை வாங்காத மாதம் அந்தக் கட்டம் வெறுமையாக இருக்கும். எழுதப் படிக்கத் தெரியாதவர்கூட அட்டையைப் பிரித்துப் பார்த்து, ‘மண்ணெண்ணெய் வாங்கவே இல்லையே, ஏன் கோடு போட்டிருக்கிறாய்?’ என்று கேட்டுவிடலாம். 2017-இல் ஸ்மார்ட் கார்டு வந்த பிறகு, எந்த மாதம் என்ன வாங்கினோம் என்பதற்கு அட்டையின் மேல் எந்தத் தடயமும் கிடையாது. குடும்பத் தலைவரின் படம், முகவரி, உறுப்பினர் பெயர்கள், கடைக் குறியீடு, ஒரு கியூஆர் குறியீடு, அவ்வளவுதான். கணக்கெல்லாம் கடையின் பில் போடும் இயந்திரத்திலும், பில் போட்டவுடன் கைப்பேசிக்கு வரும் குறுஞ்செய்தியிலும் மட்டுமே இருக்கிறது. அந்தச் செய்தி வேறு யாருக்கோ போய்க்கொண்டிருந்தால், அட்டையை இரும்புப் பெட்டியில் பூட்டி வைத்திருந்தாலும் பயன் இல்லை.

இது எங்கள் வீட்டிலேயே நடந்தது. என் மாமியார், நான் அத்தை என்று அழைப்பவர், தஞ்சாவூர்ப் பக்கம் ஒரு சிற்றூரில் தனியாக இருக்கிறார். மாமா காலமான பிறகு சென்னைக்கு வந்துவிடுங்கள் என்று எவ்வளவோ சொல்லியும், மாட்டையும் கொல்லையையும் விட்டு வர மனமில்லை என்று இருந்துவிட்டார். அவர் அட்டையை யாரிடமும் கொடுத்தவர் அல்லர். மஞ்சள் துணிப்பையில், பிளாஸ்டிக் உறைக்குள் போட்டு, அரிசிப் பானைக்குப் பின்னால் வைத்திருப்பார். கடைக்குத் தாமே போவார், தாமே விரலை வைப்பார். அப்படி இருந்தும் மாதாமாதம் அவருக்குப் பருப்பும் பாமாயிலும் வந்து சேரவில்லை. கேட்டால், “ஸ்டாக் இன்னும் வரலம்மா, அடுத்த வாரம் பாருங்க” என்பது பதில். அடுத்த வாரம் போனால், “வந்தது, தீர்ந்துபோச்சு” என்பார்கள். ஒரு கிலோ துவரம் பருப்பு 30 ரூபாய், ஒரு லிட்டர் பாமாயில் 25 ரூபாய் என்று அரசு தரும் பொருள்களை, விதவை ஓய்வூதியத்தில் குடும்பம் நடத்தும் ஒரு பெண் கடைத்தெருவில் பல மடங்கு விலை கொடுத்து வாங்கிக்கொண்டிருந்தார்.

விஷயம் வெளியே வந்தது வேறொரு வேலையால். மகளிர் உரிமைத் தொகை விண்ணப்பத்துக்காக அவருடைய அட்டை விவரங்களைச் சரிபார்க்கும்போது, பதிவாகியிருந்த கைப்பேசி எண் அத்தையுடையதும் அல்ல, என் கணவருடையதும் அல்ல என்று தெரிந்தது. ஸ்மார்ட் கார்டுக்காக விவரம் கொடுத்த நாள்களில், கைப்பேசி இல்லாத பலருக்கும் பதிவு செய்து கொடுத்தவர்கள் தங்கள் எண்ணையோ கையில் கிடைத்த எண்ணையோ போட்டு முடித்துவிட்டார்கள். கெட்ட எண்ணத்தில் செய்தார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. அன்றைக்கு இருந்த கூட்டத்தில் வேலை முடிந்தால் போதும் என்று செய்திருப்பார்கள். ஆனால் அதன் விளைவு, அத்தையின் பெயரில் போடப்பட்ட ஒவ்வொரு பில்லின் செய்தியும் யாரோ ஒருவருடைய கைப்பேசியில் போய் விழுந்துகொண்டிருந்தது.

ஆதார் நகலையும் குடும்ப அட்டை நகலையும் எடுத்துக்கொண்டு வட்ட வழங்கல் அலுவலகத்துக்குப் போய், எண்ணை என் கணவருடையதாக மாற்றினோம். அடுத்த மாதம் அவர் அலுவலகத்தில் இருந்தபோது செய்தி வந்தது: அரிசி, சர்க்கரை, துவரம் பருப்பு, பாமாயில். உடனே அத்தையை அழைத்து என்னென்ன வாங்கினீர்கள் என்று கேட்டோம். “அரிசியும் சீனியும்தாம்மா குடுத்தான். பருப்பு இன்னும் வரலையாம்” என்றார்.

இதில் அவர்கள் செய்தது மிகச் சுலபமான காரியம் என்பதை நீங்கள் புரிந்துகொள்ள வேண்டும். அத்தை போய் அட்டையை நீட்டுவார். அதை இயந்திரத்தில் காட்டி, விரலை வைக்கச் சொல்வார்கள். வயல்வேலையும் சாணிக்கூடையும் தேய்த்த விரல், ரேகை எளிதில் விழாது. முந்தானையில் துடைத்துத் துடைத்து, சிவப்பு வெளிச்சத்தின் மேல் அழுத்தி அழுத்தி வைப்பார். பின்னால் நிற்பவர்கள் முணுமுணுப்பார்கள். ஒருவழியாக ரேகை விழுந்ததும் நிம்மதியாகப் பையைப் பிடித்துக்கொண்டு எடைக்கல் பக்கம் போய்விடுவார். திரை கடைக்காரரின் பக்கம் திரும்பியிருக்கும். அதில் அரிசி, சர்க்கரையோடு பருப்பையும் எண்ணெயையும் சேர்த்துப் போட்டு, அவற்றுக்கான 55 ரூபாயைத் தாமே கல்லாவில் கட்டிவிட்டால் கணக்கு நேராகிவிடும். பொருள் வெளிச்சந்தைக்குப் போய்விடும். 2020 அக்டோபரில் கைரேகை முறை வந்தபோது இனி முறைகேட்டுக்கே இடமில்லை என்று எல்லோரும் பேசினார்கள். கைரேகை, வந்தவர் யார் என்பதை உறுதி செய்கிறது. வந்தவர் எதைக் கொண்டுபோனார் என்பதை அது உறுதி செய்வதில்லை.

1967 என்ற கட்டணமில்லா எண்ணுக்கு அழைத்துப் புகார் சொன்னோம். 1800 425 5901 என்ற எண்ணும் இருக்கிறது. கடைக் குறியீடு, அட்டை எண், செய்தி வந்த நேரம், கிடைத்த பொருள், கிடைக்காத பொருள் எல்லாவற்றையும் கேட்டு எழுதிக்கொண்டார்கள். வட்ட வழங்கல் அலுவலகத்திலிருந்து விசாரித்தார்கள். அதன்பின் ஒரு சாயங்காலம் விற்பனையாளரே பருப்பையும் பாமாயிலையும் எடுத்துக்கொண்டு அத்தையின் வீட்டுக்கே வந்து, புகாரைத் திரும்பப் பெறும்படி மகனிடம் சொல்லச் சொல்லிக் கெஞ்சியிருக்கிறார். அத்தைக்கு மனம் இளகிவிட்டது. “புள்ளகுட்டிக்காரன், போனா போவுது, விட்டுடுங்க” என்று எங்களிடம் மன்றாடினார். நாங்கள் திரும்பப் பெறவில்லை. பொருள் பிறகு வந்து சேர்ந்தது என்ற உண்மையை மட்டும் அலுவலகத்தில் சேர்த்துச் சொன்னோம். அதற்குப் பிறகு எங்களுக்கு வரும் செய்தியும் அத்தையின் பையில் இருக்கும் பொருளும் ஒத்துப்போகின்றன.

ஒரு கிலோ பருப்புக்காக ஓர் ஏழைத் தொழிலாளியின் வயிற்றில் அடிக்கலாமா என்று இதைப் படித்துவிட்டுச் சிலர் கேட்பார்கள். எங்கள் உறவினர்களே கேட்டார்கள். ரேஷன் கடை ஊழியர்கள் எல்லோரும் திருடுகிறார்கள் என்று நான் எங்கும் சொல்லவில்லை. மழை வெள்ளத்திலும் கொரோனா ஊரடங்கிலும் கடையைத் திறந்து வைத்து நமக்குச் சோறு போட்டவர்கள் அவர்கள். கிடங்கிலிருந்து வரும் மூட்டையே எடை குறைவாக வருகிறது, அந்தக் குறைவை எங்கள் தலையில் கட்டுகிறார்கள் என்று அவர்களுடைய சங்கங்கள் பல ஆண்டுகளாகச் சொல்லி வருவதில் நியாயம் இருக்கிறது என்றே நான் நம்புகிறேன். கிடங்கில் ஒவ்வொரு மூட்டையையும் அவர்கள் கண்ணெதிரே நிறுத்துக் கொடுக்கச் சொல்லி அவர்கள் போராடினால் என் ஆதரவு உண்டு. ஆனால் மேலே இருப்பவர்களைக் கேட்க முடியாத குறையை, கேட்கத் தெரியாத கிழவியின் அட்டையில் தீர்த்துக்கொள்வதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். அந்தப் பருப்பு அவருக்கு மாதம் முழுவதற்குமான சாம்பார்.

இனி உங்கள் அம்மாவின் விஷயம். எங்கள் அத்தையாவது அட்டையைக் கையில் வைத்திருந்தார். உங்கள் அம்மாவின் அட்டை கடையிலேயே இருக்கிறது. கைரேகை இல்லாமல் பில் போட முடியாதே என்று யாராவது உங்களுக்குச் சமாதானம் சொல்லலாம். ரேகை விழாத முதியவர்களுக்காக மாற்று வழிகளும் முறைப்படியே வைக்கப்பட்டிருக்கின்றன. அட்டையும் கடையில், அதற்குரிய எண்ணும் வேறு யாரிடமோ என்றால் அந்த மாற்று வழிகளைத் தவறாகப் பயன்படுத்துவது கடினமல்ல. பொது விநியோகத் திட்ட இணையதளத்தில் நுழைவதற்கே பதிவான கைப்பேசி எண்ணும் அதற்கு வரும் ஓடிபியும்தான் திறவுகோல். மின்னணு அட்டையைப் பதிவிறக்குவது முதல் உறுப்பினர் பெயரை நீக்க விண்ணப்பிப்பது வரை அந்த வழியாகவே நடக்கிறது. ஆகவே எண்ணை மாற்றுவதைத் தள்ளிப் போடாதீர்கள். ஒவ்வொரு மாதமும் இரண்டாம் சனிக்கிழமை நடக்கும் பொது விநியோகத் திட்டக் குறைதீர் முகாமில் கைப்பேசி எண் பதிவையும் செய்து கொடுக்கிறார்கள். விடுமுறை நாள் என்பதால் வெளியூரில் இருப்பவர்களுக்கு அது வசதி.

நடக்க முடியாதவர் அட்டையைக் கடையில் கொடுத்து வைக்கவேண்டிய தேவையும் இப்போது இல்லை. தமக்குப் பதிலாக வேறொருவர் பொருள் வாங்கிக்கொள்ள அங்கீகாரம் கேட்டு விண்ணப்பிக்கலாம்; நீங்கள் முழுதாக நம்பும் ஒருவர் பெயரை எழுத்தில் கொடுப்பது, அட்டையைக் கைமாற்றிக் கொண்டிருப்பதைவிட ஆயிரம் மடங்கு மேல். 2025 ஆகஸ்டில் தொடங்கிய தாயுமானவர் திட்டத்தில் வயது முதிர்ந்தவர்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் வீட்டுக்கே இயந்திரத்தோடு வந்து பொருள் கொடுக்கிறார்கள். அம்மாவின் வயதுக்கு அது பொருந்துமா, பட்டியலில் பெயர் இருக்கிறதா என்று கேளுங்கள். வீட்டு வாசலில் பில் போடும்போது திரையில் என்னென்ன விழுந்திருக்கிறது என்று வாய்விட்டுப் படிக்கச் சொல்லும்படி அம்மாவிடம் சொல்லி வையுங்கள். “என்னென்ன பில் போட்டிருக்க, சொல்லு தம்பி” என்று கேட்டால் போதும். எங்கள் அத்தை இப்போது அப்படித்தான் கேட்கிறார். கேட்ட பிறகே விரலை எடுக்கிறார்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். எண் உங்கள் கைக்கு வந்ததும், ‘உங்கள் ரேஷன் கார்டு ரத்தாகப் போகிறது, கேஒய்சி முடிக்க இந்த இணைப்பை அழுத்துங்கள், ஓடிபி சொல்லுங்கள்’ என்று அழைப்பும் செய்தியும் வரக்கூடும். ரேஷன் கார்டுக்கான கேஒய்சி, அதாவது அட்டையில் இருப்பவர் இவர்தானா என்று சரிபார்ப்பது, கடையிலேயே கைரேகை வைத்துப் பணம் எதுவும் வாங்காமல் செய்யப்படுவது. தொலைபேசியில் ஓடிபி கேட்பவர் யாராக இருந்தாலும், எந்த அலுவலகத்தின் பெயரைச் சொன்னாலும், பேச்சை வளர்க்காமல் துண்டித்துவிடுங்கள். நகல் கடையில் பிரதி எடுத்தால் அட்டையையும் எடுத்த பிரதிகளையும் சரிபார்த்துக்கொண்டு வெளியே வாருங்கள், மங்கலாக வந்து ஒதுக்கிய தாளையும் சேர்த்து; அதில் உங்கள் குடும்பத்தார் எல்லோருடைய பெயரும் முகவரியும் இருக்கிறது.

அட்டையைத் திரும்பக் கேட்டால் விற்பனையாளர் தவறாக நினைப்பாரோ என்று உங்கள் அம்மா தயங்கக்கூடும். ஊரில் தினமும் முகத்தில் விழிக்கவேண்டியவர் அவர்தானே. ஆகவே நீங்களே போய்க் கேளுங்கள். சண்டை வேண்டாம், குற்றச்சாட்டும் வேண்டாம். “எண் மாற்றவும் கேஒய்சி பார்க்கவும் கார்டு வேண்டும், இனி வீட்டிலேயே இருக்கட்டும்” என்று சொன்னால் எந்த விற்பனையாளரும் மறுக்க முடியாது. குடும்ப அட்டையைப் பிடித்து வைத்துக்கொள்ள அவருக்கு எந்த அதிகாரமும் கிடையாது. காணவில்லை, எங்கோ வைத்துவிட்டேன் என்று இழுத்தடித்தால் அவரோடு வாதாடிக்கொண்டிருக்காமல் வட்ட வழங்கல் அலுவலகத்தில் எழுத்தில் கொடுத்துவிட்டு, நகல் அட்டைக்கு விண்ணப்பித்துவிடுங்கள். அலைவதற்கு முன் எண்ணை மாற்றிவிட்டீர்களானால், அந்த விண்ணப்பத்துக்கான ஓடிபியும் உங்கள் கைப்பேசிக்கே வந்துவிடும்.