இரண்டு வம்சங்களும் ஒரு மந்திரியும்

அன்புள்ள ஐயா,

செர்பியா பற்றிய கட்டுரையில் இலியா கராஷானினைப் பெரிய ராஜதந்திரி என்று எழுதியிருந்தீர்கள். கரஜோர்ஜெவிச் வம்சத்திடம் மந்திரியாக இருந்தார். அது கவிழ்ந்ததும் எதிரி வம்சமான ஒப்ரனோவிச்சிடம் போய்ப் பிரதமர் ஆனார். காற்றடிக்கும் பக்கம் சாய்ந்தவரை எப்படிப் பெரியவர் என்கிறீர்கள்?

கே.

அன்புள்ள கே.,

தகவல் சரி. நீங்கள் எடுத்த முடிவில்தான் எனக்கு உடன்பாடில்லை.

அந்தப் பகை சாதாரணமானதல்ல. 1817இல் ரகசியமாக நாடு திரும்பிய, கரஜோர்ஜெவிச் வம்சத்தின் மூலவரான கரஜோர்ஜேயை, ஒப்ரனோவிச் வம்சத்தை நிறுவிய மிலோஷின் ஆட்கள் வெட்டிக் கொன்று, தலையைத் துருக்கிச் சுல்தானுக்கு அனுப்பிவைத்தார்கள். அதன்பிறகு ஒரு வீடு அரியணை ஏறினால் மறுவீடு ஊரைவிட்டு ஓட வேண்டும் என்றே ஆகிவிட்டது. செர்பியாவோ சுல்தானுக்குக் கப்பம் கட்டும் சிற்றரசு. பெல்கிரேட் கோட்டையில் துருக்கிப் பட்டாளம் இருந்தது.

கராஷானினின் தந்தை 1842 கலகத்தில் ஒப்ரனோவிச் ஆதரவாளர்கள் கையால் மாண்டவர். அதை மனதில் வைத்துக்கொண்டு 1861ஐப் பாருங்கள். மிலோஷுக்குப் பின் அரியணை ஏறிய அவர் மகன் மிகைலோ கூப்பிட்டபோது இவர் போய்ப் பிரதமர் பொறுப்பையும் வெளியுறவையும் ஏற்றார். சுகம் தேடுகிறவர் இப்படிப்பட்ட வீட்டு வாசலில் போய் நிற்பாரா?

அவர் போனதற்குக் காரணம் 1844லேயே இருக்கிறது. கரஜோர்ஜெவிச் ஆட்சியில் உள்துறை அமைச்சராக இருந்தபோது ‘நச்செர்த்தானியே’ என்ற ரகசியத் திட்டத்தை எழுதினார். துருக்கிப் பேரரசு சரியும் நாளில் செர்பியா என்ன செய்ய வேண்டும் என்பதுதான் விஷயம். அது அச்சில் வந்ததே 1906இல்தான். ஆள்கிற வீடு மாறியது, திட்டம் மாறவில்லை. 1853இல் ரஷ்யா நெருக்கியதால் பதவி போனது. அப்போதும் அவர் அதைக் கைவிடவில்லை. 1858இல் பலவீனமான அலெக்சாந்தர் கரஜோர்ஜெவிச்சை இறக்குவதில் முன்நின்றார். ஆனால் கிழவர் மிலோஷ் திரும்பி வந்ததும் ஒதுங்கிக்கொண்டார். ஒப்ரனோவிச்சிடம் இடம் பிடிப்பதுதான் நோக்கம் என்றால் அதைவிட நல்ல நேரம் கிடைத்திருக்காது.

மிகைலோவிடம் இருந்த ஆறு வருடங்கள்தான் அவருடைய நல்ல காலம். 1862இல் ஒரு நீரூற்றடியில் செர்பியச் சிறுவனைத் துருக்கிச் சிப்பாய் தாக்க, சண்டை பரவி, கோட்டையிலிருந்து ஊர்மேல் பீரங்கி வெடித்தது. பதிலுக்குப் போர் தொடுக்காமல் பேசிப் பேசியே வேலையை நகர்த்தினார்கள். 1867இல் கோட்டைகளின் சாவிகள் மிகைலோவின் கைக்கு வந்தன.

சரி, குறைகள் இல்லையா? இருந்தன. குடியானவர்களால் தங்களைத் தாங்களே ஆள முடியும் என்று அவர் நம்பவில்லை. போலீஸையும் அதிகாரிகளையும் வைத்தே நாட்டை நடத்தினார். திட்டத்தின் மூல வரைவு செக் நாட்டவரான சாக் எழுதியது. அதில் தென்ஸ்லாவியர் (செர்பியர், குரோஷியர் முதலானோரைச் சேர்த்துச் சொல்லும் பெயர்) என்றிருந்த பல இடங்களை இவர் செர்பியர் என்று மாற்றினார். அந்த மாற்றம் எனக்கு இன்றும் உறுத்துகிறது. அதற்காக அவரைக் கேளுங்கள், நானும் உங்களோடு சேர்ந்துகொள்கிறேன்.

சந்தர்ப்பவாதி என்று மட்டும் சொல்லாதீர்கள். மிகைலோ தன் ஒன்றுவிட்ட சகோதரியின் மகள் கதரினாவை மணக்க விரும்பியபோது, கூடாது என்றார் கராஷானின். சாவி வாங்கித் தந்த அதே ஆண்டு நவம்பரில் பதவி பறிபோனது.

ஏழு மாதம் கழித்து, 1868 ஜூன் 10 அன்று, கோஷுட்ன்யாக் காட்டில் உலாவிக்கொண்டிருந்த மிகைலோவைச் சுட்டுக் கொன்றார்கள். கதரினாவின் தாய் அன்காவும் இறந்தார். கூடப் போன மெய்க்காவல் அதிகாரி கராஷானினின் மகன் ஸ்வெதோசார், அவருக்கும் குண்டுக்காயம். அருகில் தோப்சிதெரில் இருந்த கராஷானினுக்குச் செய்தி எட்டியது. பதவி இல்லை, மகன் காட்டுக்குள் எந்த நிலையில் இருக்கிறான் என்று தெரியாது. அவர் நேரே நகரத்துக்கு விரைந்து, சதிகாரர்கள் ஆட்சியைப் பிடிப்பதற்குள் அமைச்சர்களை எச்சரித்தார். அரியணை சிறுவன் மிலான் ஒப்ரனோவிச்சுக்குப் போனது. கராஷானின் பதவி எதுவும் ஏற்கவில்லை. க்ரோட்ஸ்காவில் இருந்த தன் பண்ணைக்குப் போய்விட்டார்.