டோட்டல் ஸ்டேஷனிலிருந்து வரைபடம் வரை: கியூஜிஐஎஸ் கேள்வி பதில்

கேள்வி: சார், டோட்டல் ஸ்டேஷனில் (கோணமும் தூரமும் அளக்கும் சர்வே கருவி) எடுத்த 140 புள்ளிகளை கியூஜிஐஎஸ் வரைபட மென்பொருளில் சிஎஸ்வி அட்டவணைக் கோப்பாக ஏற்றினேன். கிழக்கே இருக்க வேண்டிய கிணறு வடக்கே போய்விட்டது, இடதுபக்கம் வளைய வேண்டிய ரோடு வலதுபக்கம் வளைகிறது. படத்தைச் சுழற்றிப் பார்த்தும் சரியாகவில்லை.

பதில்: சுழற்றினால் சரியாகாது தம்பி, அது கண்ணாடிப் பிம்பம். நார்த்திங்கும் (வடக்கு நோக்கிய தூரம்) ஈஸ்டிங்கும் (கிழக்கு நோக்கிய தூரம்) இடம் மாறியிருக்கிறது. கருவி பெரும்பாலும் புள்ளி எண், நார்த்திங், ஈஸ்டிங், உயரம், குறியீடு என்ற வரிசையில் கொடுக்கும். மென்பொருளில் எக்ஸ் என்றால் ஈஸ்டிங். ஏற்றும்போது எக்ஸுக்கு மூன்றாவது நெடுவரிசையைக் கொடுங்கள், அவ்வளவுதான்.

கேள்வி: மதுரைப் பக்கம் ஒரு லேஅவுட். தரையில் 500 மீட்டர் அளந்த பக்கம், யூடிஎம் (பூமியை மண்டலங்களாகப் பிரித்து மீட்டரில் இடம் குறிக்கும் முறை) ஆயத்தொலைவில் கணக்குப் போட்டால் 500.40 வருகிறது. ஜிபிஎஸ் கருவி பழுதா?

பதில்: கருவியில் பழுது இல்லை. உருண்டைப் பூமியைத் தாளில் விரிப்பதால் வரும் வித்தியாசம் இது. யூடிஎம் மண்டலத்தின் நடுக்கோட்டில் தூரம் கிலோமீட்டருக்கு 40 செ.மீ. குறையும், ஓரத்துக்குப் போகப் போகக் கூடும். மதுரை இருப்பது 44ஆம் மண்டலத்தில். அதன் நடுக்கோடு 81 டிகிரி தீர்க்கரேகை, மதுரையோ 78ஐ ஒட்டி, மண்டலத்தின் மேற்கு ஓரத்திலேயே இருக்கிறது. அங்கே கிலோமீட்டருக்கு ஏறக்குறைய 80 செ.மீ. கூடும், 500 மீட்டருக்கு உங்கள் 40 செ.மீ. கணக்கு அப்படியே பொருந்துகிறது பாருங்கள். மனை அளவையும் பரப்பையும் தரை அளவிலேயே எழுதுங்கள். அப்புறம், கோவை, ஈரோடு, நெல்லை எல்லாம் 43ஆம் மண்டலம். அந்தப் பக்கத்து வேலையை 44இல் போட்டுவிடாதீர்கள்.

கேள்வி: அண்ணா, போனில் ஆப் போட்டுக்கொண்டு எங்கள் ஒரு ஏக்கரைச் சுற்றி நடந்தேன். 95 சென்ட்தான் காட்டுகிறது. பக்கத்துக் காட்டுக்காரர் வரப்பை நகர்த்திவிட்டாரா?

பதில்: அதை வைத்து அவரிடம் சண்டைக்குப் போகாதீர்கள். ஒரு ஏக்கர் சதுரமாக இருந்தால் ஒரு பக்கம் 63.6 மீட்டர். ஒரே ஒரு பக்கத்தில் போன் மூன்று மீட்டர் பிசகினாலே 191 சதுர மீட்டர் போய்விடும், அதாவது 4.7 சென்ட். போன் ஜிபிஎஸ்ஸுக்கு மூன்று மீட்டர் பிசகுவது சாதாரணம். எஃப்எம்பி (புல அளவை வரைபடம்) நகலை எடுத்து, அதில் உள்ள ஜி லைன் (அளவுக்கான அடிப்படைக் கோடு), ஆஃப்செட் (கோட்டிலிருந்து செங்குத்தாக எடுத்த தூரம்) அளவுகளைக் கொண்டு முதலில் எல்லைக் கல்லைத் தேடுங்கள். கல் கிடைக்கவில்லை, இரண்டு பேருக்கும் ஒத்துவரவில்லை என்றால் பணம் கட்டி அரசு சர்வேயரை வரவழையுங்கள்.

கேள்வி: பழைய எஃப்எம்பியில் அளவு லிங்க்ஸில் இருக்கிறது. ஒரு லிங்க் 20 செ.மீ. என்று போட்டு வரைந்தேன், பரப்பு குறைகிறது.

பதில்: 20.1168 செ.மீ. என்று போடுங்கள். 66 அடிச் சங்கிலியில் நூறில் ஒரு பங்குதான் லிங்க். 500 லிங்க்ஸ் பக்கத்தில் இந்தச் சின்ன மிச்சமே 58 செ.மீ. ஆகிறது, பரப்பில் ஏக்கருக்கு ஒரு சென்டுக்கு மேல்.

கேள்வி: கண்மாய்க்குக் கான்டூர் (சம உயரக் கோடு) போட்டேன். கரை நேராக வராமல் ரம்பப் பல் மாதிரி வருகிறது.

பதில்: புள்ளிகளை மட்டும் கொடுத்தால் மென்பொருளுக்கு அது கரை என்று எப்படித் தெரியும்? உள்வாயில் உள்ள புள்ளியைக் கரைக்கு வெளியே இருக்கிற புள்ளியோடு முக்கோணமாக இணைத்துவிடும், கரை அந்த இடத்தில் வெட்டிவிட்டதுபோல் ஆகிவிடும். கரையின் மேல் விளிம்பு இரண்டு, அடி இரண்டு, நான்கையும் கோடுகளாக இணைத்து, டின் (புள்ளிகளை முக்கோணங்களாக இணைத்த பரப்பு) போடும்போது பிரேக்லைனாக, அதாவது முக்கோணம் தாண்டக் கூடாத கோடாகக் கொடுங்கள். அந்த நான்கிலும் வளைவுக்கு வளைவு புள்ளி எடுத்திருக்க வேண்டும். எடுக்கவில்லை என்றால் ஸ்டாஃபைத் தூக்கிக்கொண்டு இன்னொரு தடவை போய் வாருங்கள், மாட்டையும் ஆட்டையும் வைத்துக்கொண்டு அந்தத் தண்ணீரை நம்பியிருக்கிறவர்களுக்கான கொள்ளளவுக் கணக்கு இது.

கேள்வி: கடற்கரை ஊர். ஜிபிஎஸ்ஸில் உயரம் மைனஸ் 80க்கும் கீழே காட்டுகிறது!

பதில்: பயப்படாதீர்கள், அது பூமியின் வடிவமாகக் கணக்கில் வைத்திருக்கும் நீள்வட்டத்திலிருந்து அளந்த உயரம். நம் பக்கம் கடல்மட்டமே அந்த நீள்வட்டத்துக்கு 80, 90 மீட்டர் கீழேதான் இருக்கிறது. இந்த வித்தியாசத்தை இடத்துக்கு இடம் சொல்லும் ஜியாய்டு மாதிரியைச் சேர்த்துக் கணக்கிடுங்கள். வாய்க்கால் மட்டம் பார்க்கிற வேலையாக இருந்தால் அதுவும் போதாது, பக்கத்துப் பெஞ்ச்மார்க்கிலிருந்து (உயரம் தெரிந்த குறி) ஆட்டோ லெவல் என்ற மட்டக் கருவியில் மட்டம் கொண்டுவாருங்கள்.