விடுமுறைக்குப் போன இடத்தில் ஏதாவது பாரம்பரியக் கைத்தொழிலைக் கற்றிருக்கிறீர்களா? காசு கொடுத்துக் கற்பது வீண்தானா?

கற்றிருக்கிறேன், இரண்டு முறை. முதல் முறை ஏமாந்தேன். இரண்டாம் முறை கையைக் கிழித்துக்கொண்டேன். உங்களுக்கு இரண்டாவதைத்தான் சொல்வேன்.

முதலாவதைச் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். ஓசூர்ப் பக்கம் ஒரு விடுதி. அறை வாடகையோடு 'மண்பாண்டம் செய்யக் கற்கலாம், ஒரு மணி நேரம்' என்று போட்டிருந்தார்கள். போனால் மண் ஏற்கெனவே பிசைந்து சக்கரத்தின் நடுவில் உட்கார்ந்திருக்கிறது, மோட்டார் ஓடிக்கொண்டிருக்கிறது. என் கைமேல் சொல்லித் தருபவரின் கை. பத்தே நிமிடத்தில் ஒரு கிண்ணம் எழும்பிவிட்டது. அவர் கையை எடுத்தால் சாய்கிறது, வைத்தால் நிமிர்கிறது. மிச்ச ஐம்பது நிமிடமும் போட்டோ. சுடாத பச்சைமண் கிண்ணத்தைச் செய்தித்தாளில் சுற்றிக் கொடுத்தார்கள். கிருஷ்ணகிரி டோல்கேட் தாண்டுவதற்குள் அது பழையபடி மண்ணாகிவிட்டது.

இரண்டாவது, பரிசல் கட்டக் கற்றது.

என் மனைவிக்குப் பென்னாகரம் பக்கம் ஊர். இரண்டு வருடம் முன்பு ஆடிக்கு மாமனார் வீட்டில் கூப்பிட்டிருந்தார்கள். கல்யாணமாகி எட்டு வருடம் ஆன மாப்பிள்ளைக்கு ஆடி விருந்தா என்று கேட்காதீர்கள்; அழைப்பு பேரப்பிள்ளைகளுக்கு, நான் ஓட்டுநர். பதினெட்டாம் பெருக்கை ஒட்டி நான்கு நாள் லீவு. ஒகேனக்கல் போய்ப் பரிசலில் சுற்றி, மீன் வறுவல் தின்று, எண்ணெய் தேய்த்துக் குளித்துவிட்டு வருவதுதான் திட்டம்.

போனால் பரிசலுக்குத் தடை. தருமபுரிக்காரர்களுக்கு இது புதிதில்லை. ஆடி மாதம் பேப்பரைத் திறந்தால் 'ஒகேனக்கல்லுக்கு நீர்வரத்து விநாடிக்கு இத்தனை ஆயிரம் கன அடி, பரிசல் இயக்கவும் அருவியில் குளிக்கவும் தடை' என்ற செய்தி இருக்கும். மழை பெய்வது குடகில். இங்கே வெயில் கொளுத்தும், ஆனால் ஆறு செம்மண் நிறத்தில் பாறையெல்லாம் மூழ்க ஓடும். அந்தக் கன அடிக் கணக்கை எடுப்பது பிலிகுண்டுலுவில், கர்நாடகத்திலிருந்து காவிரி தமிழ்நாட்டுக்குள் நுழையும் இடத்தில். 2018 காவிரித் தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் ஆண்டுக்கு நமக்குச் சொன்ன 177.25 டி.எம்.சி. (ஆயிரம் மில்லியன் கன அடி) தண்ணீரும் அங்கேதான் அளக்கப்படுகிறது. டெல்லியில் வக்கீல்கள் பேசுகிற அதே எண்ணைப் பார்த்துத்தான் இங்கே ஒரு பரிசல்காரர் இன்றைக்கு அடுப்பெரியுமா என்று தெரிந்துகொள்கிறார்.

பிள்ளைகள் முகம் தொங்கிப்போனது. என் சின்ன மாமனார்தான், "பரிசல்ல ஏற முடியலன்னா என்னா, கட்டறத பாக்கலாம் வாங்க" என்று கூட்டிப்போனார். ஆற்றை ஒட்டிய ஒரு சிற்றூர். புளியமரத்தடியில் ஒரு பெரியவர் உட்கார்ந்திருந்தார், அறுபத்தைந்து வயதிருக்கும். சுற்றிலும் பச்சை மூங்கில். தடைக்காலத்தில்தான் பழைய பரிசலைப் பழுது பார்ப்பார்களாம், புதிது கட்டுவார்களாம். சீசனில் வந்திருந்தால் அவருக்கு என்னிடம் பேசவே நேரம் இருந்திருக்காது.

கற்றுத் தருவீர்களா மாமா என்று கேட்டேன். மனைவி ஊர்க்காரர், வயதில் மூத்தவர், எனக்கு எல்லாரும் மாமாதான். அவர் என் கையைத் திருப்பிப் பார்த்தார். "கம்ப்யூட்டர் வேலையா மாப்ள?" என்றார். ஆமாம் என்றேன். "சரி, மூணு நாளைக்கு வா. அதுக்குள்ள பரிசல் கட்ட வராது. மூங்கி பொளக்க வரும்" என்றார். அதையாவது சொல்லிக்கொடுங்கள் என்றேன். கூலி பேசினோம்: என்னால் அவர் வேலை கெடும் நேரத்துக்கு, நாளுக்கு ஆயிரம் ரூபாய். வாங்க மாட்டேன் என்று முதலில் மறுத்தார். சின்ன மாமனார்தான் பேசிச் சம்மதிக்க வைத்தார்.

இப்போது மூங்கில் பிளப்பதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் என் மூன்று நாளும் அதிலேயே போனது.

முழு மூங்கிலை இரண்டாக, நான்காக, எட்டாகப் பிளந்துகொண்டே போக வேண்டும். கொடுவாளை முனையில் வைத்து ஒரு தட்டு. அதற்கப்புறம் வெட்டுவது கிடையாது. கத்தியைச் சும்மா நுழைத்துத் திருகினால் மூங்கில் தானே 'டப் டப்'பென்று ஒவ்வொரு கணுவாக வாய்விட்டுக்கொண்டு போகும். கேட்க நன்றாயிருக்கிறது, இல்லையா? என் பிளவு இரண்டாவது கணு தாண்டியதுமே ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டு போய், ஒரு பிளாச்சு (பிளந்த பட்டை) விரல் தடிமனாகவும் இன்னொன்று காகிதம் மாதிரியும் ஆகி, காகிதப் பக்கம் முறிந்துவிடும். முறிந்ததைத் தூக்கிப் போட்டுவிட்டு அடுத்தது. அன்று காலை நான் வீணாக்கியதை வைத்து ஒரு கோழிக்கூண்டு கட்டியிருக்கலாம்.

மத்தியானம்தான் அவர் வாய் திறந்தார். "கத்திய ஏன் பாக்கற? மூங்கி எந்தப் பக்கம் ஓடுதுன்னு பாரு. எந்தப் பக்கம் தடிச்சுப் போவுதோ அந்தப் பக்கத்த வளை." எனக்குத் தலைகீழாகப் பட்டது. மெலிகிற பக்கத்தை அல்லவா சரிசெய்ய வேண்டும்? ஆனால் அதுதான் சூட்சுமம். இரண்டு பாதியில் எதை அதிகம் வளைக்கிறோமோ பிளவு அந்தப் பக்கம் திரும்பும். தடித்த பாதியைக் காலில் மிதித்துக் கொஞ்சம் வளைத்தால் போதும், விலகிப் போன பிளவு நடுவுக்கு வந்துவிடும். ஒருமுறை அப்படி வந்தது என் கையிலேயே தெரிந்தது: இழுப்பு விட்டுப்போய்க் கத்தி இலகுவாயிற்று. கத்திவிட்டேன். பிள்ளைகள் என்னவோ ஏதோ என்று ஓடிவந்தார்கள்.

பிறகு உள்பக்கத்து வெள்ளைச் சதையைச் சீவி எடுத்துவிட்டுப் பச்சைத் தோல் பக்கத்தை வைத்துக்கொள்ள வேண்டும். பலமெல்லாம் தோலில்தான் இருக்கிறது, சதை ஊறிப் பூச்சி பிடிக்கும் என்றார். தேய்பிறையில் வெட்டிய மூங்கில்தான் உளுக்காது என்பது அவர் கணக்கு. சீவும்போதுதான் கை போனது. மூங்கில் சிராய் ஏறினால் வெளியே தெரியாது. ராத்திரி சோற்றைப் பிசையும்போது தெரியும். என் மாமியார் ஊக்கை நெருப்பில் காட்டி நான்கு எடுத்தார்.

பின்னுகிற வேலையை நான் பெரும்பாலும் உட்கார்ந்து பார்த்தேன். தரையில் பிளாச்சுகளை மூன்று திசையில் குறுக்கும் மறுக்குமாகப் போட்டு ஒன்றின் மேல் ஒன்று ஏற்றிப் பின்னுகிறார். நடுவில் ஆறு மூலைக் கண்கள் விழுகின்றன, அப்படியே தேன்கூடு. கூடை மாதிரி நெருக்கிப் பின்னாமல் ஏன் இப்படி ஓட்டையாக என்று கேட்டேன். அப்படிப் பின்னினால் கனம் யார் தூக்குவது என்று திருப்பிக் கேட்டார். பரிசலை ஒரே ஆள் கவிழ்த்துத் தலையில் சுமந்து போக வேண்டும். மூன்று பக்கமும் இழுத்துப் பிடிக்கும் பின்னல் பாறையில் இடித்தால் நெளியும், நிமிரும், உடையாது. தட்டையான அடிப்பாகம் முழங்கால் தண்ணீரிலும் மிதக்கும். முன்பக்கம் பின்பக்கம் என்று ஒன்று இல்லாததால் சுழல் வந்தால் கூடவே சுற்றிக்கொள்ளும். அந்தப் பாறைச் சந்துகளில் ஓட்ட வேறு எந்தப் படகு தோதுப்படும்?

அடிப்பாகம் ஏழடிக்கு விரிந்ததும் நடுவில் கல்லைப் பாரம் வைத்தார். ஓரங்களை மேலே வளைத்து, சுற்றி நெருக்கமாக விளிம்பு பின்னினார். இங்கேதான் எனக்கு ஒரு சுற்றில் இடம் கொடுத்தார். நான் பின்னியதில் பாதியை ஒன்றும் சொல்லாமல் பிரித்து மறுபடி பின்னினார். மீதியை விட்டுவிட்டார். நன்றாக வந்ததாலா, நேரமானதாலா என்று நான் கேட்கவில்லை.

தொழில் தெரிந்த இரண்டு பேர் சேர்ந்தால் ஒரே நாளில் முடிகிற பரிசல், என்னைச் சேர்த்துக்கொண்டதால் மூன்று நாள் ஆனது. கடைசி நாள் வெளிப்புறத்துக்கு. அவர் அப்பா காலத்தில் மாட்டுத்தோல், எருமைத்தோல். தோல் காய வேண்டும், எண்ணெய் போட வேண்டும், மறந்தால் நாய் இழுத்துக்கொண்டு போய்விடும் என்று சிரித்தார். இப்போது பிளாஸ்டிக் சாக்கு. பிரித்த யூரியா சாக்குகளைத் தைத்துப் போர்த்தி, டின்னில் காய்ச்சிய தாரை மேலே பூசுகிறார்கள். 'பாரம்பரியம்' என்ற சொல்லைப் பார்த்துவிட்டு வருகிறவர்களுக்கு இந்த யூரியா சாக்கு உறுத்தும். எனக்கு அதுதான் பிடித்தது. தண்ணீர் உள்ளே வரக்கூடாது, அவ்வளவுதான் அவருடைய கவலை. என் கேமராவுக்காகத் தோல் போர்த்திக் காட்டுகிற இடமாக இருந்திருந்தால் நான் மறுபடி ஓசூர்க் கிண்ணத்துக்கே போய்ச் சேர்ந்திருப்பேன்.

நீங்கள் கேட்டது காசு வீணா என்று. கற்றுக்கொள்ளப் போகும் இடத்தில் முதலில் இதைக் கேளுங்கள்: மண் யார் மிதிப்பது? மூங்கில் யார் பிளப்பது? 'அதெல்லாம் நாங்கள் தயாராக வைத்திருப்போம்' என்று பதில் வந்தால், அந்தக் காசுக்குப் பிரியாணி சாப்பிடுங்கள். தொழிலில் முக்கால்வாசி அந்தத் தயாரிப்பில்தான் இருக்கிறது, அதை ஒளித்துவிட்டுக் கடைசிக் கால்வாசியை உங்கள் கையில் கொடுக்கிறார்கள். இன்னொன்று, ஒரு நாளைக்குக் குறைவாகப் போகாதீர்கள். முதல் அரை நாள் எப்படியும் கெடுப்பதில்தான் போகும்.

மூங்கில், தார் எல்லாம் ஒத்துவராது, உட்கார்ந்து செய்கிற வேலையாக வேண்டும் என்றால் அரூர்ப் பக்கம் சித்தேரி, கல்வராயன் மலைகளுக்கு நடுவே சிட்டிலிங்கி இருக்கிறது. அங்குள்ள லம்பாடி மக்களின் குடியிருப்புகளான தண்டாக்களில் கண்ணாடி வைத்துத் தைக்கும் பூத்தையல் ஏறக்குறைய மறந்தே போயிருந்தது. 1993இல் அங்கே பழங்குடி மக்களுக்காக மருத்துவமனை தொடங்கிய டாக்டர் ரெஜி, டாக்டர் லலிதா தம்பதியில் லலிதா அதை மீட்பதில் முனைந்தார். 2006இல் 'போர்கை' என்ற பெண்கள் அமைப்பாக அது வளர்ந்தது. அந்தச் சொல்லுக்கு லம்பாடி மொழியில் பெருமை என்று பொருள். துணியின் இழையை எண்ணி எண்ணிப் போடும் தையல் அது, கண் நன்றாகத் தெரிய வேண்டும். கற்றுத் தர அவர்களுக்குத் தோதான நேரம் எது என்று முன்கூட்டியே கேட்டுக்கொண்டு போங்கள். அது அவர்கள் பிழைப்பு நடக்கும் இடம்.

பரிசல் கதையில் ஒரு பாக்கி இருக்கிறது. பொங்கலுக்கு ஊருக்குப் போனபோது தண்ணீர் வடிந்து பரிசல்கள் ஓடிக்கொண்டிருந்தன. அந்தப் பெரியவரிடம் நம்ம பரிசல் எது மாமா என்றேன். கரையில் கவிழ்த்திருந்த நாலைந்தில் ஒன்றைக் காட்டினார். தார் பூசிவிட்டால் எல்லாம் ஒன்றுபோலத்தான். நிமிர்த்தி உள்ளே குனிந்து பார்த்தேன். பச்சை போய் எல்லாப் பிளாச்சும் வைக்கோல் நிறத்துக்கு வந்திருந்தது. விளிம்புக்கு ஒரு சாண் கீழே ஒரே ஒரு பிளாச்சு மட்டும் தோல்பக்கம் மாறி, பாம்பு போல நெளிந்து கிடந்தது.

மனைவியைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவள் அதைப் பார்த்தாள், ஆற்றைப் பார்த்தாள், பிள்ளைகளின் லைஃப் ஜாக்கெட் வாரை இன்னொரு முறை இழுத்து இறுக்கினாள். பிறகுதான் ஏறினாள்.