உல்ரிஷ் மூஹே – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ பார்த்தேன். கிழக்கு ஜெர்மனியின் உளவு அதிகாரி வீஸ்லராக வரும் உல்ரிஷ் மூஹே முகத்தில் எதையுமே காட்டவில்லை. ஆனால் படம் முடிந்தபின் அந்த முகம்தான் மனதில் நிற்கிறது. தேடிப் பார்த்தால், பல ஆண்டுகள் ஒரு தொலைக்காட்சித் தொடரில் நடித்தவர் என்று தெரிகிறது. தொடர் நடிகர் ஒருவருக்கு அதிர்ஷ்டவசமாக ஒரு நல்ல வேடம் வாய்த்தது என்று கொள்ளலாமா?

க. ச., ஈரோடு

அன்புள்ள க. ச.,

கொள்ள முடியாது. வீஸ்லராக நடித்தபோது மூஹே ஐம்பதைத் தாண்டியிருந்தார்; அந்த முகத்தின் அசைவின்மை அதற்குள் பல இடங்களில் பழகித் தேர்ந்த ஒன்று.

1953இல் கிழக்கு ஜெர்மனியின் கிரிம்மாவில் பிறந்த அவர், கட்டாய ராணுவப் பணியில் பெர்லின் சுவரருகே காவல் நின்று, வயிற்றுப்புண் முற்றியதால் விடுவிக்கப்பட்டவர். பின்னர் லைப்சிக்கில் நடிப்புப் பயின்று, 1983இல் கிழக்கு பெர்லினின் டாய்ச்சஸ் தியேட்டரில் சேர்ந்தார். 1989 நவம்பர் 4 அன்று அங்கே அலெக்சாண்டர் சதுக்கத்தில் கருத்துச் சுதந்திரம் கோரித் திரண்ட பெருங்கூட்டத்தின் முன் பேசியவர்களில் அவரும் ஒருவர்; நாடக ஆசிரியர் ஹைனர் முல்லரின் இயக்கத்தில் அவர் ஹாம்லெட்டுக்கு ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்த மாதங்களில்தான் சுவர் திறந்தது. வீஸ்லருக்கு எப்படித் தயாரானீர்கள் என்று கேட்கப்பட்டபோது, நினைவுபடுத்திக்கொண்டேன் என்று மட்டும் அவர் சொன்னதன் பின்னணி இது.

நீங்கள் சற்றுக் குறைத்து மதிப்பிடும் தொடர், ‘டேர் லெட்ஸ்டே சோய்கே’, ‘கடைசிச் சாட்சி’ என்று பொருள். 1998 முதல் 2007 வரை எழுபதுக்கும் மேற்பட்ட பகுதிகளில், பிணக்கூறாய்வு செய்யும் மருத்துவர் கோல்மாராக வந்தார். பேச முடியாத உடலைப் பார்த்து உண்மையைக் கண்டறிவதே அந்த மருத்துவரின் வேலை. அடுத்தவர் வாழ்க்கையைக் காதில் கருவியை மாட்டிக்கொண்டு கேட்கும் வீஸ்லர், அவருக்கு அத்தனை தொலைவில் இருந்தவர் அல்லர்.

பியானோ இசையைக் கேட்டு வீஸ்லர் கண்ணீர் விடும் காட்சியைப் பலரும் புகழ்கிறார்கள். எனக்கு அது சற்று மிகையாகவே படுகிறது. மின்தூக்கிக் காட்சியை மீண்டும் பாருங்கள். பந்துடன் நிற்கும் சிறுவன், ஸ்டாசிக்காரர்கள் (கிழக்கு ஜெர்மனியின் உளவுத்துறையினர்) ஆட்களைச் சிறையில் தள்ளும் கெட்டவர்கள் என்று அப்பா சொன்னதாகச் சொல்கிறான். “உன்னுடைய...” என்று வீஸ்லர் தொடங்குகிறார், வழக்கப்படி அடுத்து வரவேண்டியது அப்பாவின் பெயர். நின்றுவிடுகிறார். “உன்னுடைய பந்துக்கு என்ன பெயர்?” ஓர் அதிகாரி தன் தொழிலைக் கைவிடும் அந்தக் கணத்துக்கு, மூஹே செலவிடுவது ஒரு சிறு தயக்கம் மட்டுமே.

2007 பிப்ரவரியில் படம் ஆஸ்கர் பெற்றது. அதே ஆண்டு ஜூலை 22 அன்று, 54 வயதில், வயிற்றுப் புற்றுநோயால் அவர் இறந்தார்.

அடுத்து இயக்குநர் மிக்கேல் ஹானெக்கேவின் ‘ஃபன்னி கேம்ஸ்’ பாருங்கள். அதில் தொடக்கத்திலேயே கால் உடைக்கப்பட்டு, தன் குடும்பம் வதைபடுவதைப் பார்த்துக்கொண்டு கிடக்க வேண்டிய கணவராக வருகிறார். 1997இல் வந்த ஜெர்மன் மொழிப் படத்தையே தேடி எடுங்கள். ஹானெக்கே அதையே பின்னர் ஆங்கிலத்தில் வேறு நடிகர்களைக் கொண்டு எடுத்திருக்கிறார். வீட்டில் தனியாக இருக்கும் இரவில் மட்டும் வேண்டாம்.