காலத்தை உறைய வைக்கும் பீரங்கி

கேள்வி: நான் எழுதும் அறிவியல் மாயக்கதையில் ஒரு பீரங்கி வருகிறது. குண்டு விழுந்த இடத்தில் நேரம் 1000 மடங்கு மெதுவாகிவிடும். எதிரிப்படை சிலைபோல நிற்பதை நாயகி மலைமேலிருந்து பார்க்கிறாள். நம்பும்படி இருக்கிறதா?

பதில்: பீரங்கியை நம்பிவிட்டேன். நேரம் இடத்துக்கு இடம் வேறு வேகத்தில் ஓடுவது உண்மைதான். ஜிபிஎஸ் செயற்கைக்கோள் கடிகாரங்கள் தரையில் உள்ளவற்றைவிட நாளுக்குச் சுமார் 38 மைக்ரோ நொடி வேகமாக ஓடுகின்றன. ஆனால் அந்தச் சிலைகள் நாயகிக்குத் தெரியாது. ஒளியும் அலைதானே? உள்ளிருந்து வரும் ஒளியின் அலைநீளம் 1000 மடங்கு நீண்டு, கண்ணுக்கு எட்டாத அகச்சிவப்பாகிவிடும். அவள் பார்ப்பது ஒரு கரிய குமிழியைத்தான்.

உள்ளே இருப்பவர்கள் நிலைமை கொடுமை. வெளியிலிருந்து வரும் வெயிலின் அலைநீளம் எதிர்மாறாக 1000 மடங்கு சுருங்கி, அவர்களுக்கு எக்ஸ் கதிராக இறங்கும். சரி, இரவில் சுட்டால்? நேற்றுத் தாளில் கணக்குப் போட்டேன். 12 மணி நேர இரவு அவர்களுக்கு வெறும் 43 நொடி. அதற்குள் விடிந்துவிடும். அந்த 43 நொடியை ஒரு எதிரிச் சிப்பாயின் கண்வழியே எழுதுங்களேன். உங்கள் கதையின் உயிர் அங்கேதான் இருக்கிறது என்று எனக்குப் படுகிறது.

அப்புறம், பீரங்கிக்குப் பக்கத்தில் கணக்குப் போட ஒரு ஆளை நிறுத்துங்கள். 1918-இல் பாரிஸ் மேல் 120 கிலோமீட்டர் தொலைவிலிருந்து சுட்ட ஜெர்மானியர்கள், குண்டு பறக்கும் 3 நிமிடத்தில் பூமி சுழல்வதையும் கணக்கில் சேர்த்தார்கள்.