உம் கொட்ட ஓர் ஆள்

அன்புள்ள ஐயா,

திரைப்படக் கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். கரீபியன் கடலில் பிரெஞ்சுக்காரர்களின் தீவான மார்டினிக்கைச் சேர்ந்த யூசான் பால்சி 1983இல் எடுத்த முதல் படம், 'ஷுகர் கேன் ஆலி', வகுப்பில் போட்டார்கள். அப்போது அவருக்கு 25 வயதுதான். பணம் எப்படிப் புரட்டினார் என்பதுதான் எனக்கு வியப்பு. கிழவர் மெதூஸ் கதை சொல்லும் காட்சி மட்டும் இழுவை. வெட்டியிருக்கலாம். முதல் படம் எடுக்க நினைக்கும் எனக்கு என்ன சொல்வீர்கள்?

க.

அன்புள்ள க.,

பணத்தை விடுங்கள், அது எல்லாருக்கும் உள்ள பாடுதான். அந்தக் காட்சியை இழுவை என்று எழுதினீர்களே, அதற்குத்தான் இந்தப் பதில்.

கிழவர் 'க்ரிக்' என்கிறார். பையன் ஜோசே 'க்ராக்' என்கிறான். கரீபியன் தீவுகளில் கதைசொல்லி அப்படிக் கூப்பிட்டு, கேட்பவர் விழித்திருக்கிறாரா என்று பார்த்துக்கொள்வார். பதில் வந்தால்தான் கதை நகரும். மெதூஸ் அவனுக்குச் சொல்வது 1848இல் வந்த அடிமை விடுதலையை. அடிமைகள் தடியும் கத்தியும் தீப்பந்தமுமாக மலையிலிருந்து இறங்கினார்கள். நிலமெல்லாம் வெள்ளைக்காரனிடமே இருந்தது. வயிறு காய்ந்ததும் அதே கரும்புக்குத் திரும்பினார்கள். (1853 முதல் புதுச்சேரி, காரைக்கால் வழியாக நம் ஆட்களையும் அந்தத் தோட்டங்களுக்குத்தான் கப்பலேற்றினார்கள்.) தோட்ட முதலாளியின் கணக்கேட்டில் அடிமை மாட்டோடு சேர்த்து எழுதப்பட்ட சொத்து. அவன் தன் வாயால் சொன்னது ஏதாவது மிஞ்சியிருந்தால், அது இந்த மாதிரி ராத்திரிப் பேச்சில்தான் மிஞ்சியிருக்கிறது. அதை வெட்டச் சொல்கிறீர்கள். யார் கற்றுக்கொடுத்தார்கள் இந்த அவசரத்தை?

என் அப்பாயி திண்ணையில் கதை சொல்லும்போது நான் உம் கொட்ட வேண்டும். நிறுத்தினால், "தூங்கிட்டியாடா?" என்று கேட்டு அவளும் நிறுத்திவிடுவாள். ஒருநாள் தாது வருஷப் பஞ்சத்தில் அவளுடைய அம்மா பட்ட பாட்டை ஆரம்பித்தாள். எறும்புப் புற்றைத் தோண்டித் தானியம் பொறுக்கியது வரைக்கும் நினைவிருக்கிறது. அதற்குமேல் நான் தூங்கிப்போனேன். மறுநாள் கேட்கத் தோன்றவில்லை. அடுத்த தையில் அப்பாயி போய்விட்டாள். அந்தக் குடும்பம் எந்த ஊரிலிருந்து நடந்தது, வழியில் யாரையெல்லாம் விட்டுவிட்டு வந்தது, எதுவும் எனக்குத் தெரியாது. இனி சொல்லவும் ஆளில்லை. ஐம்பது வருஷமாக இது என்னை அறுத்துக்கொண்டிருக்கிறது.

ஜோசே தூங்கவில்லை. அதனால்தான் மெதூஸ் கரும்புக்குள்ளேயே செத்துக் கிடந்த பிறகும் அந்தக் கதை சாகவில்லை. மார்டினிக் எழுத்தாளர் ஜோசப் சோபெல் 1950இல் நாவலாக எழுதியதை பால்சி 14 வயதில் படித்தார். பதினொரு வருஷம் கழித்து அவர் சொன்ன 'க்ராக்'தான் நீங்கள் வகுப்பில் பார்த்த படம்.

மற்றபடி நீங்கள் நல்ல பிள்ளை, நன்றாக எழுதுகிறீர்கள். படத்தை இன்னொரு முறை, தனியாகப் பாருங்கள். அப்புறம் ஒன்று: உங்கள் வீட்டில் வயதானவர்கள் யாராவது இருக்கிறார்களா? கடிதத்தில் அதைச் சொல்லவே இல்லையே.