கையுறை எந்தக் கைக்கு?

நியூஜெர்சி வந்து மூன்று மாதம், பையனுக்கு 8 வயது, கிரிக்கெட்தான் தெரியும், சிறுவர்களுக்கான லிட்டில் லீக் பேஸ்பாலில் சேர்க்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். தாராளமாகச் சேருங்கள் தம்பி. வாடகை, கார் இன்ஷூரன்ஸ் பற்றிச் சொல்ல நூறு பேர் வருவார்கள், அதை விட்டுவிடுகிறேன்.

ஆட்டம் வசந்த காலத்தில்தான் என்றாலும் பதிவு குளிர்காலத்திலேயே நடந்துவிடும். முகவரிச் சான்று போதவில்லையா? அந்த லீக் எல்லைக்குள் இருக்கும் பள்ளியில் படிக்கிறான் என்று பள்ளியில் படிவம் வாங்கிக் கொடுத்தால் போதும்.

நம்மவர்கள் முதலில் ஏமாறுவது கையுறையில். வலது கையால் எறிகிறவன் இடது கையில்தான் மாட்ட வேண்டும். உறையில் 'ஆர்எச்டி' (RHT) என்றிருந்தால் வலது கையால் எறிபவனுக்கு என்று அர்த்தம். அதை வலது கைக்கான உறை என்று நினைத்து மாற்றி வாங்கி வருவார்கள். 8 வயதுக்கு 10 முதல் 11 அங்குலம் போதும். வளருவான் என்று பெரிதாக வாங்கினால் மூடவே வராது, பந்து நழுவும். மட்டையில் 'யுஎஸ்ஏ பேஸ்பால்' முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள். 2018 முதல் அது கட்டாயம். பழைய மட்டையை மலிவாக வாங்கினால் அம்பயர் ஓரமாக வைக்கச் சொல்லிவிடுவார்.

அடித்துவிட்டு ஓடலாமா என்று யோசிப்பது கிரிக்கெட் பழக்கம். இங்கே பந்து கோட்டுக்குள் விழுந்தால் ஓடியே ஆக வேண்டும். மட்டையைத் தூக்கிக்கொண்டு ஓடாமல் கீழே போட்டுவிட்டு ஓடப் பழக்குங்கள். வீசி எறியக்கூடாது, பின்னால் பந்தைப் பிடிக்கிற கேட்சர் இருப்பான்.

பந்து வீச்சுக்குக் கணக்கு உண்டு. 7, 8 வயதுக்கு ஒரு நாளில் 50 பந்து, 9, 10 வயதுக்கு 75. 20 பந்து தாண்டினாலே ஒரு நாள் ஓய்வு. ஆனால் காசு வாங்கிக்கொண்டு ஊர் ஊராகப் போய் ஆட வைக்கும் டிராவல் டீமில் வீசியதை இந்த லீக் எண்ணாது. சனிக்கிழமை இங்கே, ஞாயிற்றுக்கிழமை அங்கே என்று வீச வைத்துவிட்டு முழங்கை வலிக்கிறது என்று டாக்டரிடம் ஓடுகிற நம்மூர் அப்பாக்கள் எத்தனை பேர்! இந்த வயதில் டிராவல் டீமே வேண்டாம்.

1939இல் கார்ல் ஸ்டாட்ஸ் என்பவர் பென்சில்வேனியாவின் வில்லியம்ஸ்போர்ட்டில் மூன்று அணிகளோடு லிட்டில் லீக்கை ஆரம்பித்தபோதே, ஒரு பால் பண்ணையும் ஒரு மரக்கடையும் ஒரு பிரெட்சல் கம்பெனியும்தான் செலவை ஏற்றன. இன்றும் சட்டையில் உள்ளூர்க் கடைப் பெயர்தான் இருக்கும். கோச், அம்பயர் முதல் தின்பண்டக் கடை வரை எல்லாம் பெற்றோர் வேலை. காருக்குள் போன் பார்த்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டு, வெள்ளைக்காரன் பேசமாட்டேன் என்கிறான் என்று குறைப்படாதீர்கள். மழைக்கு மறுநாள் காலை மைதானத்துக்குப் போங்கள், கையில் ரேக் (மண்ணை வாரும் கருவி) கொடுப்பார்கள். தேங்கிய தண்ணீரை மண்ணோடு சேர்த்து வாரித் தள்ளாதீர்கள், அடுத்த மழைக்கு அதே இடத்தில் குளம் கட்டும். ஸ்பாஞ்சால் ஒற்றி எடுத்துவிட்டு மேலே காய்ந்த மண்ணைத் தூவிப் பரப்புங்கள்.